பாதி வெந்த மலைச்சேம்பு

முள்ளம்பன்றி இப்படிக் குழி தோண்டாது, அம்மா. அது கிழங்கைப் பாதி தின்று பாதியைச் சிதறிவிட்டுப் போகும். தோண்டிய இடத்தை மறுபடி மூடி, மேலே ஒரு கல்லையும் எடுத்து வைக்கும் பழக்கம் அதற்குக் கிடையாது.

நேற்று ஊர்க்கூட்டத்தில் நீங்கள் முள்ளம்பன்றிக்குக் கூண்டு வைக்கப் போவதாகச் சொன்னபோது எல்லோரும் தரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததைக் கவனித்திருப்பீர்கள். நாங்கள் முள்ளம்பன்றிக் குலம். அதைத் தின்ன மாட்டோம், அடிக்க மாட்டோம், நல்ல காரியம் எதற்கும் அதன் பெயரைச் சொல்லித்தான் ஒருவரை ஒருவர் வாழ்த்துவோம். கூட்டம் முடிந்ததும் என் தம்பி மடுமெட்ஜா, "விடுங்கக்கா, கூண்டு வெச்சா வெச்சுட்டுப் போறாங்க, அது எங்க வந்து மாட்டப் போகுது" என்றான். அவனுக்கு எதுவும் பெரிதாகத் தெரியாது. எனக்குத்தான் மனம் ஒப்பவில்லை. செய்யாத குற்றத்துக்கு ஒரு ஜீவன் கூண்டுக்குள் உட்கார்ந்திருப்பதை என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியாது. வனத்துறையிலிருந்து வந்த உங்களை வீட்டுக்கு வரச் சொன்னது அதற்காகத்தான்.

மலைச்சேம்புக் கிழங்கைத் தோண்டியது நான். இத்தனை வருடமாக இலை பறித்ததும் நான். மஹ்லாகோ என்று பெயரை எழுதிக்கொள்ளுங்கள். ஏன் என்பதையும் சேர்த்து எழுதுங்கள், இல்லையென்றால் என்னைப் பூத்திருடி என்று நினைத்துவிடுவார்கள். டீயில் சர்க்கரை போதுமா?

அந்தச் செடியைப் பற்றி உங்களுக்கு நான் சொல்ல என்ன இருக்கிறது. லெயோலோ மலை உச்சியில், வெள்ளைப் பாறை இடுக்குகளில், மழைத் தண்ணீர் கசியும் இடமாகப் பார்த்து நிற்கும். அம்பு நுனி போன்ற இலையில் சுண்ணாம்பைத் தெளித்தது மாதிரி புள்ளிகள். டிசம்பரில் பூக்கும், மஞ்சள் என்றால் அப்படி ஒரு மஞ்சள், அடித்தொண்டையில் மட்டும் கருஞ்சிவப்பாக ஒரு கறை. குளிர்காலம் வந்தால் மண்ணுக்குள் மறைந்துவிடும். அந்த இடத்தில் ஒரு செடி இருந்தது என்று தலையில் அடித்துச் சத்தியம் செய்தாலும் யாரும் நம்ப மாட்டார்கள். ஜோஹன்னஸ்பர்க்கில் வேலை பார்க்கும் எங்கள் ஊர் ஆண்களும் டிசம்பரில்தான் வருவார்கள். வந்த கையோடு பெண் கேட்கத் தொடங்குவார்கள். பூவும் மாப்பிள்ளையும் ஒரே மாதத்தில் வருவது என் ஏற்பாடு அல்ல.

மொசிபுடி என் தம்பியின் மூத்த மகள். அவள் தாய் இறந்தபோது அவளுக்குப் பால்பல் கூட விழவில்லை. தம்பி அப்போது ருஸ்டன்பர்க் சுரங்கத்தில் இருந்தான். குழந்தையை என்னிடம் விட்டுவிட்டுப் போனான். எனக்குக் கல்யாணம் ஆகவில்லை, அது வேறு கதை. அவளை நான்தான் வளர்த்தேன். கெட்டிக்காரியாக வளர்ந்தாள். அவள் கிண்டும் களியில் கட்டி என்று ஒன்றைத் தேடினாலும் கிடைக்காது. சாயங்காலம் என் காலைப் பிடித்துவிடுவாள், இருவரும் ரேடியோவில் நாடகம் கேட்டு விழுந்து விழுந்து சிரிப்போம். நாங்கள் நன்றாக இருந்தோம். இதை நீங்கள் அடிக்கோடு போட்டு எழுத வேண்டும். நன்றாக இருக்கும் ஒன்றைப் பிடுங்கிக்கொண்டு போய் வேறு இடத்தில் வைக்கக் கூடாது என்று நேற்றுக் கூட்டத்தில் நீங்களும்தானே சொன்னீர்கள்.

எங்கள் பக்கம் பெண் கேட்க மாப்பிள்ளை வர மாட்டான். அவன் சார்பில் தூதுக்காரர் ஒருவர் வருவார். பேச வேண்டியது முழுவதும் அவர்தான். கூட வருகிறவர்கள் தலையாட்டலாம், இருமலாம், வேறு சத்தம் வரக் கூடாது. இந்தப் பக்கம் கடைசிச் சொல் அத்தையுடையது. அத்தை வேண்டாம் என்றால் பரிசமாக ஒரு மாடு கூட எங்கள் பட்டிக்குள் நுழையாது. அப்படியென்றால் பேசாமல் வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கலாமே என்று கேட்பீர்கள். சொல்லலாம். ஆனால் காரணம் சொல்ல வேண்டுமே, அம்மா. என்னிடம் இருந்த காரணம் சபையில் எடுத்துச் சொல்கிற மாதிரி இல்லை.

முதல் தடவை நிஜமாகவே கை தவறித்தான் நடந்தது. மழை பொய்த்த வருடங்களில் நாங்கள் அந்த இலையையும் பூசணி இலையோடு சேர்த்துக் கீரையாக ஆக்குவோம். தண்ணீரை மாற்றி மாற்றி, இலை கரைந்து போகும்வரை வேகவைக்க வேண்டும். சேம்பை அவசரப்பட்டு இறக்கினால் தொண்டையைப் பிடுங்கும் என்பது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அன்றைக்கு விறகு ஈரம். பள்ளிக்கூட வாத்தியார் ஒருவனுக்காக மொசிபுடியைக் கேட்டு வந்திருந்தார்கள், எல்லோரும் தொப்பலாக நனைந்திருந்தார்கள். பேச்சு முடிந்த பிறகு சாப்பாடு போடுவதுதான் முறை. பாவமே என்று முதலிலேயே போட்டுவிட்டேன்.

தூதுக்காரர் பெயர் செரொகோலே. சாவு வீட்டில் அவர் பேச எழுந்தால் பிணமே எழுந்து போதும் என்று சொல்லிவிடும் என்பார்கள், அவ்வளவு பேச்சு. வாயைத் துடைத்துக்கொண்டு எழுந்து நின்றார்.

"சிங்கக் குலத்துல பொறந்த நாங்க... நாங்க..."

அதற்கு மேல் நாக்கு புரளவில்லை. தொண்டையைப் பிடித்துக்கொண்டார்.

"தண்ணி வேணுமாண்ணே?" என்றான் தம்பி.

தண்ணீர் குடித்தார். அது இன்னும் மோசமாக்கியது. உதடு வீங்கி, கண்ணில் நீர் வழிந்தது. அவரோடு வந்த கிழவர் ஒருவர் தாழ்ந்த குரலில், "இந்த வீட்டுப் பெரியவங்களுக்கு இஷ்டமில்ல போல. நாக்கைப் புடிச்சு நிறுத்திட்டாங்க" என்றார். பெரியவங்க என்று அவர் சொன்னது எங்கள் வீட்டில் செத்துப்போனவர்களை. அப்படி ஒரு சொல் விழுந்த பிறகு யார் உட்காருவார்கள். மழையிலேயே எழுந்து போய்விட்டார்கள்.

மொசிபுடி அழுதாள். அந்த வாத்தியாரை அவளுக்குப் பிடித்திருந்தது என்று அப்போதுதான் தெரிந்தது. அழுது முடித்து முகம் கழுவி டீ போட்டாள். ரேடியோவைப் போட்டோம். நாடகத்தில் ஒருவன் மாமியாரிடம் மாட்டிக்கொண்டு முழிக்கும் இடத்தில் அவளுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. எல்லாம் பழையபடி ஆகிவிட்டதைப் பார்த்து எனக்கு ஆச்சரியமாக இருந்தது. இவ்வளவு சுலபமா என்று நினைத்தேன்.

அடுத்த டிசம்பரில் ஒரு பஸ் டிரைவருக்காக வந்தார்கள். இந்தத் தடவை விறகு நன்றாகக் காய்ந்திருந்தது. "பசியோட வந்தவங்களை நிக்கவெச்சுப் பேசறது மரியாதையா? எங்க வீட்டுல சாப்பாடுதான் மொதல்ல" என்று சொல்லிவிட்டேன். எல்லோரும் பாராட்டினார்கள். அத்தை சொன்னால் அது முறையாகிவிடும். தூதுக்காரருக்கு மட்டும் தனிச்சட்டியில் ஆக்கி, தனிக்கிண்ணத்தில் வேர்க்கடலைப் பொடி தூவி வைத்தேன். வந்தவர் சபை மூப்பர், பெரிய மனிதர். பெண் வீட்டில் வாயில் போட்டதைத் துப்ப முடியாது பாருங்கள். மென்று விழுங்கினார். கொஞ்ச நேரத்தில் முகம் மாறியது.

"ம்ம்... மா... மா..." என்றார்.

"மாட்டைப் பத்தி இப்பவே பேசிரலாங்கிறார்" என்றான் என் தம்பி உற்சாகமாக.

அவர் இல்லை என்று தலையை ஆட்டி, விரலால் வாயைக் காட்டினார்.

"கீரை நல்லாருக்காம். இன்னும் கொஞ்சம் கேக்குறார்க்கா."

வைத்தேன். கேட்டவருக்கு இல்லை என்று சொல்லி எனக்குப் பழக்கமில்லை. அவர் போகும்போது புளித்த பாலும் நான்தான் கொடுத்தேன். எரிச்சலுக்கு அது நல்லது. ஓரிரு நாளில் சரியாகிவிடும் ஒரு விஷயம், அம்மா. அதற்குப் பதிலாக ஒரு வருடம் முழுக்க வீட்டில் சிரிப்புச் சத்தம். நீங்களே தராசில் வைத்துப் பாருங்கள்.

மூன்றாவது ஆள் ஒழுங்கு தெரியாதவன். டிசம்பர் வரை பொறுக்காமல் ஜூலையில் ஆள் அனுப்பினான். மலையில் அப்போது ஓர் இலை கிடையாது, காய்ந்த புல்லும் பாறையும்தான். ஆனால் எந்த இடுக்கில் எது தூங்குகிறது என்பது எனக்குத் தெரியும். ஒரே ஒரு கிழங்கு எடுத்தேன். உங்கள் கணக்கில் அதையும் சேர்த்துக்கொள்ளுங்கள், மறைக்க விரும்பவில்லை. கிழங்கு இலையைப் போல அல்ல. எவ்வளவு போட வேண்டும் என்று எனக்குச் சரியாகத் தெரியவில்லை. அதில் என் தவறு இருக்கிறது.

அந்தத் தூதுக்காரர் மகோலா எங்கள் பகுதியிலேயே நன்றாகப் பாடுகிறவர். தேவாலயத்தில் அவர் முதல் அடியை எடுத்துக் கொடுத்தால்தான் மற்றவர்கள் வாயைத் திறப்பார்கள். அவருக்குத் தொண்டை அடைத்து, மூச்சு வாங்க முடியாமல், பட்டி ஓரத்தில் விழுந்துவிட்டார். லாரியில் போட்டுக் கீழே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனார்கள். கழுத்தில் ஓட்டை போட்டுக் காப்பாற்றிவிட்டார்கள். இப்போது அந்த ஓட்டையை விரலால் மூடிக்கொண்டுதான் பேசுவார், தகர டப்பாவுக்குள் வண்டு மாட்டிக்கொண்ட மாதிரி ஒரு குரல் வரும். நான் கோழி கொண்டு போய்ப் பார்த்தேன். "உங்க வீட்டுக்கு வந்த எடத்துல உங்களுக்குச் சங்கடம் குடுத்துட்டேன்" என்று விரலை வைத்துக்கொண்டு என்னிடம் மன்னிப்புக் கேட்டார். இன்றைக்கும் தெருவில் பார்த்தால் அவர்தான் முதலில் தொப்பியைத் தூக்குவார். தங்கமான மனிதர்.

அதற்குப் பிறகு யாரும் வரவில்லை. எங்கள் வீட்டுப் பெரியவர்கள் நாக்கைப் பிடிக்கிறார்கள் என்பது ஸ்டீல்பூர்ட் வரை பரவிவிட்டது. குழாயடியில் பெண்கள் அவளைச் சீண்டுவார்கள். "மொசிபுடி, உன்னைக் கேக்கறதுன்னா ஊமையைத்தான் தூது அனுப்பணும்டி. அவனுக்குத்தான் போறதுக்கு ஒண்ணுமில்ல." அவளும் சேர்ந்து சிரித்துவிட்டு வாளியைத் தூக்கிக்கொண்டு வருவாள். வருடங்கள் போயின. கூடப் படித்தவர்களின் பிள்ளைகள் அவளைப் பெரியம்மா என்று கூப்பிடும் வயதுக்கு வந்தார்கள். காதோரம் நரை விழுந்தது. ரேடியோ நாடகத்துக்கு நான் சிரித்தால் அவள் என்னைப் பார்த்துப் புன்னகைப்பாள், அவ்வளவுதான். வயது ஏறினால் எல்லோரும் அமைதியாகிவிடுவார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

போன டிசம்பரில் மலோபே என்று ஒருவனுக்காக வந்து நின்றார்கள். மனைவியை இழந்தவன், குரோமியச் சுரங்கத்தில் மெஷின் ஓட்டுகிறான். மொசிபுடி கிளினிக் வரிசையில் அவனைச் சந்தித்தாளாம். என்னிடம் சொல்லவில்லை. தூதுக்காரர் அவனுடைய அண்ணன், ஒல்லியான ஆள். கையில் ஒரு டப்பா வைத்திருந்தார். உள்ளே ரொட்டி.

"தப்பா எடுத்துக்காதீங்கம்மா, எனக்கு வயித்துல புண்ணு" என்றார்.

"இந்த வீட்டுல சாப்பிடாதவங்க பேச மாட்டாங்க, தம்பி" என்றேன்.

"சாப்பிட்டவங்களும் பேசலையாமே."

ஆண்கள் எல்லோரும் சிரித்தார்கள். என் தம்பியும் சிரித்தான். எனக்கு முகம் சூடேறிவிட்டது. அப்போதுதான் மொசிபுடி உள்ளிருந்து கிண்ணங்களோடு வந்தாள். பெண் கேட்கும் நாளில் அவள் சபைக்கு வந்து பரிமாறியதே இல்லை.

"அவர் சாப்பிடுவாரு, அத்தை. நான் வெக்கிறேன்" என்று ஒரு கிண்ணத்தை அவர் முன் வைத்தாள். இன்னொன்றை என் முன் வைத்தாள். "காலையிலேர்ந்து அடுப்படியிலயே நிக்கிறீங்க. நீங்களும் ரெண்டு வாய் சாப்பிடுங்க."

எனக்குக் கண் கலங்கிவிட்டது. அத்தனை பேர் முன்னால் என் பசியை நினைத்துப் பார்க்க அவளை விட்டால் யார் இருக்கிறார்கள். அந்த ஒல்லி மனிதர் அவள் முகத்தைப் பார்த்துவிட்டு ஒரு கவளம் எடுத்து வாயில் போட்டார். நானும் போட்டேன். முதல் வாயில் வேர்க்கடலை மணந்தது. இரண்டாவது வாயில், ஊசிக் கட்டு ஒன்றை யாரோ நாக்கின் மேல் அவிழ்த்துவிட்டார்கள்.

துப்பியிருக்கலாம். நான் ஆக்கிய கீரையை நானே துப்பினால் அதற்கு என்ன பொருள் என்று யோசியுங்கள். விழுங்கினேன். எதிரே அவர் மென்று முடித்து, இன்னொரு கவளம் எடுத்து, பிறகு எழுந்து பேச ஆரம்பித்தார். நன்றாகவே பேசினார். வயிற்றில் புண் உள்ளவர் மாதிரியே தெரியவில்லை. பேசி முடித்ததும் தம்பி என் பக்கம் திரும்பினான்.

"அக்கா, நீங்கதான் சொல்லணும். வேண்டாம்னா இப்பவே சொல்லிருங்க."

வாயைத் திறந்தேன். நாக்கு வாய் முழுவதையும் அடைத்துக்கொண்டு கிடந்தது. ஒரு காற்று மட்டும் வந்தது. கண்ணிலிருந்து பொலபொலவென்று கொட்டியது. தம்பி மறுபடி கேட்டான். நான் கையை ஆட்டினேன்.

"பாருங்க, அக்காவுக்கு சந்தோஷத்துல பேச்சே வரல. பெத்தவளுக்கு மேல வளத்தவங்க இல்லையா" என்றான் அவனும் கண்ணைத் துடைத்துக்கொண்டு. "போதும்க்கா, கையாலயே ஆசீர்வாதம் பண்ணிட்டீங்க."

பெண்கள் குலவையிட்டார்கள். எங்கள் முறையில் அத்தை வாய்விட்டு மறுக்க வேண்டும். மறுக்கவில்லையென்றால் சரி என்று பொருள். மாடுகள் பட்டிக்குள் வந்துவிட்டன.

எல்லோரும் போன பிறகு அவள் புளித்த பால் கொண்டு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"வலிக்குதா அத்தை? நாளன்னிக்குச் சரியாயிடும். அந்த மூப்பருக்கும் அப்படித்தானே ஆச்சு."

நான் அவளைப் பார்த்தேன்.

"ரெண்டாவது தடவையே எனக்குத் தெரியும். ஒங்க ரெண்டு சட்டியையும் கழுவினவ நான்தானே. என் கையெல்லாம் அரிச்சுது." பால் கிண்ணத்தை என் கையில் கொடுத்தாள். "ஒங்களை விட்டுட்டு எப்படிப் போறதுன்னு நானும் சொல்லாம இருந்தேன். மகோலா மாமா விழுந்தப்புறம் சொல்லவே வாய் வரல. யாருகிட்ட சொல்ல முடியும், ஊரே ஒங்களைக் கல்லால அடிச்சிருக்கும். இனிமே யாருக்கும் செய்ய மாட்டேன்னு சொல்லுங்க, அத்தை."

தலையை ஆட்டினேன். வாயால் ஒன்றும் சொல்லவில்லை, சொல்லக்கூடிய நிலையிலும் இல்லை. அவள் என் காலை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு பிடித்துவிட்டாள். அழுதுகொண்டே பிடித்துவிட்டாள். நானும் அழுதேன்.

நீங்கள் எழுதுவதை நிறுத்திவிட்டீர்கள். அவள் சொன்னதைச் சரியாகக் கேட்டீர்களா? என்னை விட்டுப் போக அவளுக்கும் மனமில்லை என்று அவள் வாயாலேயே சொன்னாள். ஆக நான் செய்தது அவள் விருப்பத்தைத்தான். இதில் எனக்குச் சந்தேகமே வந்ததில்லை. இப்போது அவள் வயிற்றில் குழந்தை இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை போன் செய்வாள். பின்னால் அந்த மலோபேயின் பிள்ளைகள் ஏதோ சொல்ல, அவள் வாய்விட்டுச் சிரிப்பது கேட்கும். எனக்கு அந்தச் சிரிப்பு நன்றாக ஞாபகம் இருக்கிறது. போனை வைத்த பிறகு வீடு வெறிச்சோடிக் கிடக்கும். ரேடியோவில் யாராவது வேடிக்கையாகச் சொன்னால் பக்கத்தில் திரும்பிப் பார்ப்பேன், பாய்தான் இருக்கும். அது தாங்க முடியாத ஒன்று, அம்மா.

தம்பி ஒரு நாள் வந்து பார்த்துவிட்டு, அவனுடைய இரண்டாம் தாரத்து மகள் ஹுனாடியை அனுப்பி வைத்தான். "தனியா கெடக்காதீங்க, தொணைக்கு இருக்கட்டும்" என்றான். உங்களுக்கு டீ கொண்டுவந்து கொடுத்தாளே, அவள்தான். நல்ல பெண். களி இன்னும் கட்டி தட்டுகிறது, பழகிக்கொள்வாள். கை மெத்தென்று இருக்கிறது. ரேடியோ நாடகத்துக்கு என்னை விடச் சத்தமாகச் சிரிக்கிறாள்.

கிழங்குகளை நான் யாருக்கும் விற்கவில்லை. பின்பக்கம் வாருங்கள், காட்டுகிறேன். மலையிலிருந்து வெள்ளைக் கற்களைச் சுமந்து வந்து, இடுக்கு விட்டு அடுக்கி, குழாய்த் தண்ணீர் கசிகிற இடமாகப் பார்த்து நட்டிருக்கிறேன். தாங்கள் இன்னும் மலையில் இருப்பதாகவே அவை நினைத்துக்கொண்டிருக்கும். இரண்டு முளை வந்துவிட்டது. என் முழங்கால் இனி மலை ஏறாது, வேறு என்னதான் செய்வது. சட்டப்படி எடுத்துக்கொண்டு போக வேண்டும் என்றால் தாராளமாகப் போங்கள், நான் குறுக்கே நிற்க மாட்டேன். டிசம்பர் மட்டும் முடியட்டும். பர்கர்ஸ்ஃபோர்ட்டிலிருந்து ஒரு பையன் ஹுனாடியை வீட்டு வாசல் வரை கொண்டுவந்து விட்டுவிட்டுப் போகிறான். பார்த்தேன், குறை சொல்ல முடியாது, அடக்கமான பையன். அவன் வீட்டிலிருந்து தூதுக்காரர் வருவார் போலிருக்கிறது. அவ்வளவு தூரம் வருகிறவரைப் பசியோடு அனுப்ப முடியாது.

இந்தத் தடவை நானே பரிமாறுவேன்.